தொட்டிக்குள் மூன்றாவது கோட்டு

மெதுவண்ணன் தானாகச் சாகவில்லை. அவர் தண்ணீர்த் தொட்டிக்குள் பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தபோதே மேல்மூடியை நாம் சாத்தினோம், அதனால் செத்தார்.

இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமையேற்று, இந்தப் புழுக்கத்திலும் கறுப்புக் கோட்டைக் கழற்றாமல் அமர்ந்திருக்கும் எங்கள் பொறியாளர் அவர்களே! பெயின்ட் வாடையிலேயே நரைத்த பெரியவர்களே! தாய்மார்களே! முன்வரிசையில் பிள்ளையை மடியில் கிடத்தியிருக்கும் எங்கள் அண்ணி அவர்களே! தலைகுனிந்து வணங்குகிறேன். நிமிர்ந்து வணங்க எனக்குத் தகுதியில்லை.

சாவதற்கு முதல்நாள், சாப்பாட்டு வேளையில் அண்ணன் கேட்டார்:

"ஏம்ப்பா படிச்சவனே, இன்ஜினியர் போடுறதும் கோட்டு, நாம அடிக்கிறதும் கோட்டு. எது முதல்ல வந்துச்சு?"

"தெரியலண்ணே. பாத்துச் சொல்றேன்."

"மெதுவா சொல்லு. ஈரம் காயட்டும்."

எதற்கெடுத்தாலும் 'மெதுவா' என்பார். அந்தப் பெயர் அப்படி வந்ததுதான்.

பார்த்துவிட்டேன், அண்ணே! அகராதியைப் புரட்டிவிட்டேன்! பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்குப் போன சொல்லாம் அது. அங்கே அதற்கு அங்கி என்று பொருள். அதற்கும் முன்னால் வேறொரு மொழியில் முரட்டுத் துணியைக் குறித்திருக்கலாம் என்கிறார்கள். முதலில் மனிதன் மேல் போர்த்தியது. பிறகு மிருகத்தின் மேல் ரோமமாய் முளைத்தது. அதற்கும் பிறகுதான் சுவரின் மேல் பூசியது. மனிதன் முதலில், சுவர் கடைசியில்! அகராதிக்குத் தெரிந்த இந்த வரிசை நம் வேலையிடத்துக்கு ஏன் தெரியாமல் போனது?

அண்ணன் செத்த அன்று தொட்டிக்குள் மூன்றாவது கோட்டு. பக்கத்தில் லாரி மணல் கொட்டியது. ஈரப்பூச்சில் தூசு ஒட்டினால், பூச்சைப் பார்க்க வரும் ஆய்வாளர் ஒப்பமாட்டார்.

"மூடியச் சாத்துங்கப்பா, லாரி போறவரைக்கும்" என்றது ஒரு குரல்.

"அண்ணன் உள்ள இருக்காருங்க."

"இருந்தா என்ன, கரைஞ்சா போயிடுவாரு?"

சிரித்தோம். நானும் சிரித்தேன்! அந்த இரும்பு மூடியைத் தூக்க இரண்டு பேர் வேண்டும். அதில் ஒருவன் நான்.

எங்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. உள்ளே இருப்பவர் பிரஷ் கட்டையால் சுவரைத் தட்டுவார். வெளியே இருப்பவன் பதிலுக்குத் தட்டுவான். தட்டினார், தட்டினேன். தட்டினார், தட்டினேன். பிறகு அவர் தட்டவில்லை. மேல்பக்கம் அடிக்கிறார், கை ஒழியவில்லை என்று நினைத்துக்கொண்டேன். பெயின்ட் ஆவி வெளியேற வழியில்லை என்று நினைக்கவில்லை. லாரி போனது. திறந்தோம். ஏணியின் முதல் படியைப் பிடித்தபடி குந்தியிருந்தார்.

பூச்சில் ஒரு தூசு இல்லை. ஆய்வாளர் ஒப்பினார்!

பின்வரிசையில் யாரோ "போதும், இறங்குப்பா" என்கிறீர்கள். இறங்குகிறேன். அண்ணனால் ஏற முடியவில்லை. நான் இறங்குவதற்கு என்ன அவசரம்?

தலைவர் அவர்களே, "மூடியைத் தானே அவசரமாகச் சாத்திக்கொண்டார்" என்று உங்கள் அறிக்கை சொல்கிறது. இரண்டு பேர் தூக்கும் மூடியை, உள்ளே நின்ற ஒற்றை ஆள் சாத்தினாரா? நேற்று அண்ணி என்னிடம் கேட்டது ஒன்றுதான்.

"அவரு அவ்வளவு அவசரக்காரரா, தம்பி?"

 செருப்பு மாட்டவே கால்மணி நேரம் எடுத்துக்கொண்ட மனிதரை அவசரக்காரர் என்று எழுதிவிட்டீர்களே! அந்தப் பிள்ளைக்கு எழுத்துக் கூட்டத் தெரியும் நாளில், தகப்பனைப் பற்றி அது முதலில் படிக்கப்போவது இந்த வரியையா?

நன்றி சொல்லித்தான் மேடையை விட்டு இறங்க வேண்டும். வேலையை விட்டுவிட்டு வந்தவர்களுக்கு நன்றி. அண்ணி, உங்கள் காலுக்கு என் வணக்கம். மன்னிப்புக் கேட்கவில்லை, கேட்கும் உரிமை எனக்கில்லை. சாத்திய கைகளில் ஒன்று என்னுடையது. ஊரறியச் சொல்லிவிட்டேன்.

சாத்தச் சொன்ன வாய் உங்களுடையது, பொறியாளர் ஐயா. மைக் இதோ இருக்கிறது. அண்ணி இதோ இருக்கிறார். எழுந்து வந்து சொல்லுங்கள்.

சொல்லுங்கள், ஐயா.