உள்ளே விட்ட துணி

வெள்ளிக்கிழமை பிற்பகல், காவல் நிலையத்தில் ஆய்வாளர் முன்னிலையில், நான் சொல்லச் சொல்ல எழுதப்பட்டது.

என் பெயர், வயது, தகப்பனார் பெயர், விலாசம் எல்லாம் மேலே எழுதிக்கொண்டபடி சரி. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால் எங்கள் தெருவில் ஒருவருக்கும் தெரியாது, டைலரக்கா என்றால்தான் வழி காட்டுவார்கள். மேற்படி விலாசத்தில் தையல் கடை வைத்திருக்கிறேன். கடையின் பின்னறையில் என் கூடப்பிறந்த தம்பி ஃபிரிட்ஜ் பழுதுபார்க்கும் வேலை செய்கிறான். அவனைக் கூலிங் என்று கூப்பிடுவார்கள். அவன் ஃபிரிட்ஜ் பெட்டிக்குக் காவல்துறை வைத்த அரக்கு சீலை உடைத்தது நான்தான், என்னை யாரும் தூண்டிவிடவில்லை.

தம்பி மனைவி வெளியூர் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருக்கிறாள். இடமாற்றம் கேட்டுக் கேட்டு இருவருக்கும் அலுத்துவிட்டது. இப்போது அவள் முழுகாமலும் இருக்கிறாள். தம்பி ஒவ்வொரு வாரமும் பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டு வருவதற்குள் பிழிந்துபோட்ட துணியாகிவிடுவான். அதன் பிறகுதான் அவன் பழைய பெரிய ஃபிரிட்ஜ்கள் இரண்டை வாங்கி, தட்டுகளைக் கழற்றிவிட்டு, ஒன்றைப் பின்னறையிலும் இன்னொன்றை அவள் வீட்டிலும் வைத்தான். என்ன செய்கிறாய் என்று கேட்டதற்கு, என் மேசையிலிருந்த துணியை எடுத்து இரு முனைகளையும் சேர்த்துப் பிடித்து, "இந்த ஓரம் நம்ம கடை, அந்த ஓரம் அவ வீடு. நடுவுல இருக்கற தூரமும் நேரமும் மடிப்புக்குள்ள போயிடும், அவ்வளவுதான்க்கா" என்றான். எனக்குப் பாதி புரிந்தது. ஆனால் அவன் இங்கே பெட்டிக்குள் வைத்த டீயை அங்கே அவள் எடுத்துக் குடித்துவிட்டு, சர்க்கரை பத்தவில்லை என்று போனில் சொன்னபோது நானும் கை தட்டினேன்.

அதன் பிறகு, அந்த மடிப்பு உண்டாவதற்காகப் பெட்டிக்குள் அவன் ஒட்டியிருந்த கம்பியிழைத் துணி கிழிந்துவிட்டபடியால், புதிதாகத் தைத்துத் தரச் சொன்னான். "அளவு அளவா இருக்கணும்க்கா, ஒரு நூல்கூட ஏறக்கூடாது" என்றான். என் கடையில் எந்தத் துணியானாலும் உள்ளே இரண்டு விரல் மடித்துவிட்டுத்தான் தைப்பேன். நாளைக்கே இறுக்குகிறது என்று வந்து நிற்பார்கள், அப்போது பிரித்துவிட உள்ளே துணி வேண்டாமா? இதற்கும் அப்படியே விட்டேன். அவனிடம் சொல்லவில்லை. சொன்னால் குதிப்பான்.

திங்கட்கிழமை காலை அவன் முகம் கழுவி, நல்ல சட்டை போட்டுக்கொண்டு, மனைவிக்கென்று ஒரு டம்ளர் டீயுடன் பெட்டிக்குள் ஏறினான். நான்தான் கதவைச் சாத்தினேன். சிறிது நேரத்தில் அவள் போன் செய்து, "அண்ணி, இன்னும் அவர் கிளம்பலையா?" என்று கேட்டாள். கதவைத் திறந்து பார்த்தேன். பெட்டி காலியாக இருந்தது.

அதன் பிறகு அவள் பஸ் பிடித்து வந்து சேர்ந்தாள். நானும் அவளும் சேர்ந்தே புகார் கொடுத்தோம். ஏட்டையா வந்து பெட்டியைச் சுற்றிவந்து பார்த்துவிட்டு, ஆள் எங்கேயாவது கோபித்துக்கொண்டு போயிருப்பான் என்றார். ஆய்வாளர் பெட்டிக்கு அரக்கு சீல் வைத்து, வெள்ளிக்கிழமை பிளக்கைப் பிடுங்கி வேனில் ஏற்ற வேண்டும் என்று உத்தரவிட்டார். கரண்ட் நின்றால் இரண்டு ஓரமும் ஒட்டாது என்று தம்பி முன்பே சொல்லியிருந்தான். இதை நான் எடுத்துச் சொன்னேன். ஏட்டையா சிரித்தார், சிரித்ததையும் எழுதிக்கொள்ளவும்.

இன்று காலை, வேன் வருவதற்கு முன், ஒரு பெண் தன் மகளின் பள்ளிப் பாவாடையை நீளமாக்கித் தரும்படி கொண்டுவந்தாள். அழுதுகொண்டே கீழ்மடிப்பைப் பிரித்தேன். பாவாடை முழுக்க வெயிலிலும் சோப்பிலும் வெளுத்துப் போயிருந்தது. மடிப்புக்குள் இருந்த துணி மட்டும் தைத்த அன்றைக்கு இருந்த அதே கருநீலத்தில் இருந்தது. அதன்மேல் ஒரு நாள்கூடப் போகவில்லை. அதைப் பார்த்ததும் என் தம்பி எங்கே இருக்கிறான் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

அதன் பிறகு நான் பாவாடையைப் போட்டது போட்டபடி ஓடிப்போய், நூல் வெட்டும் கத்தரியால் சீலை உடைத்துக் கதவைத் திறந்தேன். காவலுக்கிருந்த ஏட்டையா, "ஏம்மா, உனக்கென்ன பைத்தியமா? கேஸாயிடும்!" என்று கத்தினார். தம்பி மனைவி வயிற்றைப் பிடித்துக்கொண்டு அவருக்குக் குறுக்கே போய் நின்று, "அண்ணி, நீங்க பிரிங்க" என்றாள். பெட்டிக்குள் நான் தைத்திருந்த துணியின் அடிமடிப்பைத் தொட்டபோது வெதுவெதுப்பாக இருந்தது. துணி கிழியாமல் ஒவ்வொரு தையலாகப் பிரித்தேன். மடிப்பு முழுதும் இறங்கியதும் முதலில் டீ வாசனை வந்தது. அதன் பிறகு அவன் நின்றான்.

"என்னக்கா, இப்பதானே சாத்துன, அதுக்குள்ள ஏன் திறந்த?" என்றான். பிறகு மனைவியைப் பார்த்து, "நீ எப்ப வந்த?" என்றான். அவள் அவன் கையிலிருந்த டம்ளரை வாங்கினாள், ஆவி பறந்துகொண்டிருந்தது. தரையில் உட்கார்ந்து கடைசிச் சொட்டுவரை குடித்தாள். ஏட்டையா தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். அதற்குப் பிறகுதான் நான் வாய்விட்டு அழுதேன். சந்தோஷத்தில்தான் அழுதேன்.

பெட்டியை இனி என்ன செய்வதாக உத்தேசம் என்று ஆய்வாளர் கேட்டார். உடைத்துப் போடச் சொல்வாள் என்று நினைத்து நான் தம்பி மனைவியைப் பார்த்தேன். "அந்த பஸ்ல இன்னொரு தடவ என்னால வரமுடியாது சார். பிரசவத்தப்ப இவர் பக்கத்துல இருக்கணும். அண்ணி சரியான அளவுல தைச்சுக் குடுப்பாங்க" என்றாள். ஆகவே பெட்டியை எங்களிடமே விட்டுவிடும்படி கேட்டுக்கொள்கிறேன். இந்த முறை அளவெடுத்துத் தைப்பேன். பாவாடைகளுக்கு மட்டும் எப்போதும்போல உள்ளே துணி விடுவேன்.

மேலே கண்டவை எனக்கு வாசித்துக் காட்டப்பட்டன. நான் கண்டதும் செய்ததும் இவைதான், கூட்டியோ குறைத்தோ எதுவும் சொல்லவில்லை.

(ஒப்பம்) டைலரக்கா

சாட்சி: காணாமல் போனதாகப் புகாரில் கண்ட நபர்.
(ஒப்பம்) கூலிங்

குறிப்பு: சாட்சி தன் கையெழுத்தின் கீழ் திங்கட்கிழமை எனத் தேதியிட்டார். ஆய்வாளர் அதை அடித்து வெள்ளிக்கிழமை எனத் திருத்தச் சொன்னார். மனைவி நாட்காட்டியைக் காட்டிய பிறகே சாட்சி திருத்தினார்.