பசறை பஸ்ஸில் எடுத்த படம்

ஓடுகிறேன். தேயிலைச் செடி முழங்காலைக் கிழிக்கிறது. பின்னால் தகரக் கூரையில் கல் விழுகிறது. டமார். டமார். பிறகு கண்ணாடி உடையும் சத்தம்.

"ரோட்டுப் பக்கம் போகாதீங்க! வந்துட்டானுங்க!"

1958, வைகாசி. பிற்பகல் நான்கு மணி. பதுளைப் பக்கம், ஸ்பிரிங்வெளிக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டம். பெயரை எழுதமாட்டேன். எங்கள் ஆட்கள் இன்னும் அங்கே இருக்கிறார்கள்.

கையில் சினிமாக் கமரா. ஊருக்குப் போன வெள்ளைக்காரத் துரை ஒருவர் விட்டுச் சென்றது. நான் பதுளையில் போட்டோக் கடையில் வேலை செய்தேன். மாரியம்மன் திருவிழாவைப் படமெடுக்கத்தான் அண்ணன் வீட்டுக்கு வந்திருந்தேன். தேர் வரவில்லை. இந்தச் சிங்களக் கும்பல்தான் வந்தது.

மழைத் தண்ணீர் ஓடும் கானுக்குள் குதித்தேன். அங்கிருந்து லயம், அண்ணன் வீடு இருந்த தகரக் கூரை வரிசை, நேராகத் தெரிந்தது. பெட்ரோல் டின்னோடு ஒருவன். எனக்குத் தெரிந்தவன். பசறை பஸ்ஸின் கண்டக்டர். சிங்களவன், ஆனால் எங்கள் தமிழை எங்களைப் போலவே பேசுவான். அண்ணனை மாமா என்றுதான் கூப்பிடுவான்.

சாவியை முறுக்கினேன். ஒரு முறுக்குக்குக் கமரா அரை நிமிடம் ஓடும். அவன் ஊற்றினான். தீக்குச்சியைக் கிழித்தான். திரும்பி முகத்தைத் துடைத்தான். எல்லாவற்றையும் எடுத்தேன்.

தேர் கட்டப் போன அண்ணன் மலைக்கு ஓடியிருப்பார் என்று நினைத்திருந்தேன். பீலியில் தண்ணீர் பிடிக்கப் போன அண்ணி அப்போதுதான் ஓடி வந்தார்.

"அவரு தேர் வேலையில இருந்து திரும்பி வந்து உள்ள படுத்திருக்காருங்க! காச்சலுங்க!"

அவனிடமே மரியாதையாகக் கெஞ்சினார். அவன் நகரவில்லை. அண்ணி உள்ளே போனார். இருவரும் வெளியே வரவில்லை.

கமராவைப் போட்டுவிட்டு நான் அவர்களைக் காப்பாற்ற ஓடியிருக்க வேண்டும். ஓடவில்லை. மறுபடி சாவியை முறுக்கினேன். பயம். அந்த வெட்கம் இன்னும் என்னைத் தின்கிறது.

விசாரிக்க வந்த அதிகாரியிடம் ரீலைக் கொடுத்தேன். கழுவாத ரீல். ஒன்றே ஒன்று. சாட்சியை அதிகாரியிடம் கொடுத்தால் நியாயம் கிடைக்கும் என்று நம்பிய முட்டாள் நான். ஆறு வாரம் அவரிடம் நடையாய் நடந்தேன். கடைசியில், படம் ஒன்றும் விழவில்லை என்றார். சிரித்துக்கொண்டே சொன்னார்.

மூன்று வருடம் கழித்து, காலை பஸ்ஸில் பசறைக்குப் போகிறேன். அதே கண்டக்டர். கொஞ்சம் பருத்திருக்கிறான். கமராவைத் தூக்குகிறேன். முதலில் சிரிக்கிறான். தலைமயிரைக்கூடச் சரிசெய்கிறான்.

"என்ன தம்பி, சினிமாவா?"

"ஆமாங்க. லயத்துல நீங்க தீ வச்சப்ப எடுத்தது விழலையாம். அதான் திரும்ப எடுக்குறேன்."

பஸ்ஸில் இருந்தவர்கள் அவன் பக்கம் திரும்பினார்கள். அவன் டிக்கெட் புத்தகத்தால் முகத்தை மறைத்தான். நடுவழியில் மணியை அடித்தான். "எறங்குடா!" என்று கத்தினான். முறுக்கு தீரும்வரை எடுத்துவிட்டுத்தான் இறங்கினேன். இந்தத் தடவை ரீலை நானே கழுவினேன். இரண்டு பிரதி. எங்கே இருக்கின்றன என்று என் மனைவிக்கும் தெரியாது.

நாங்கள் இழந்தது: அண்ணன். அண்ணி. அண்ணி வயிற்றில் ஐந்து மாதம். லயத்தின் எட்டுக் காம்பராக்கள், எட்டுக் குடும்பத்து வீடு. ஒரு பசு. பிரஜாவுரிமைக்காகச் சேர்த்துவைத்த காகிதங்கள் முழுவதும். ஒரு ரீல்.

அவன் இழந்தது: ஒன்றுமில்லை. வேலைகூடப் போகவில்லை. இனி அந்தப் பஸ்ஸில் ஏறும் ஒவ்வொருவர் கையிலும் கமரா இருக்கிறதா என்று பார்த்து அவன் பயப்படட்டும். சாகும்வரை பயப்படட்டும்.