கதவில் டெரோகார்ப்பின் இல்லை

திருநாவுக்கரசு: அந்தா பாரு. தோள்பைய சீட்டுல உக்கார வச்சுட்டு, போனுக்குள்ள தலைய விட்டுக்கிட்டு இருக்கான். எழுவத்தாறு வயசுக் கெழவன் நின்னுக்கிட்டு வாரேன். பை உக்காந்து வருது. படகு சாத்தம் தீவுக்குப் போய்ச் சேர்றதுக்குள்ள அதுக்குக் கால் கடுத்துருமாம்.

தஸ்லிமா: அரே பாய், பேக் ஹட்டாவ்... ம், எடுத்துட்டாரு. உக்காருங்க மாமா.

திருநாவுக்கரசு: கேட்டு வாங்கி உக்கார்றதுக்கு நின்னே வரலாம்.

தஸ்லிமா: அதான் உக்காந்துட்டீங்களே!

திருநாவுக்கரசு: முட்டி உக்காந்துச்சு. நான் உக்காரல.

தஸ்லிமா: சரி சரி. அந்தப் பேப்பரக் காட்டுங்க. படகு ஏறுனதுலருந்து சட்டப்பையத் தடவிக்கிட்டே இருக்கீங்க.

திருநாவுக்கரசு: பேப்பர் இருக்குன்னு ஒனக்கு எவன் சொன்னது?

தஸ்லிமா: நம்ம பாம்பூஃப்ளாட் ஊருல யாருக்குத் தெரியாது? கோயில் புதுக் கதவு பாடாக்கு மரந்தானான்னு பாக்க, ஒரு சில்லுப் பேத்துக் கடல் தாண்டி மேன்லாண்டு லேபுக்கு அனுப்புனாங்க. ரிப்போர்ட் வந்துருச்சு. சாயங்காலம் பத்துபஸ்தியில தலைவர் வீட்டுல கோயில் கமிட்டி கூடுது. நீங்க அங்கதான போறீங்க?

திருநாவுக்கரசு: நீ பள்ளிக்கூடத்துல கெமிஸ்ட்ரி எடுக்குறியா, இல்ல சிஐடியா?

தஸ்லிமா: ரெண்டும் ஒன்னுதான் மாமா. குடுங்க.

திருநாவுக்கரசு: இந்தா. பூராம் வேணாம். நடுவுல செவப்பு மையில அடியில கோடு போட்டுருக்கான் பாரு, ஒரு வார்த்த... அத மட்டும் சொல்லு. என்னையப் பொய்யன்னு எழுதிருக்கானா?

தஸ்லிமா: எது... ஆ. டெரோகார்ப்பின். 'டெரோகார்ப்பின் காணப்படவில்லை'ன்னு போட்டுருக்கு.

திருநாவுக்கரசு: அது என்ன, செல்லுப் பூச்சியா?

தஸ்லிமா: பூச்சி இல்ல மாமா.

திருநாவுக்கரசு: பூச்சி இல்லன்னா நல்லதுதான? இல்லங்குறதுக்கு எதுக்குச் செவப்பு மை?

தஸ்லிமா: கேளுங்களேன். சில மரத்தோட வைரத்துல அதுவே ஊற வச்சுக்குற ஒரு சரக்கு அது. நெறம் கெடையாது, கண்ணுக்குத் தெரியாது, மிஷின்ல போட்டாத்தான் தெரியும். மொதமொதல்ல செஞ்சந்தனத்துலருந்து பிரிச்செடுத்தாங்க. நூத்தம்பது வருசத்துக்கு மேல இருக்கும். நம்ம அந்தமான் பாடாக்கு, செஞ்சந்தனத்துக்குப் பங்காளி. அதுலயும் இருக்கும்.

திருநாவுக்கரசு: இருக்கும்னா?

தஸ்லிமா: பாடாக்குன்னா இருக்கணும். கதவுல இல்ல. அப்ப கதவு...

திருநாவுக்கரசு: நிறுத்து. சாத்தம் மர மில்லுல முப்பத்தெட்டு வருசம். எத்தன ஆயிரம் மரம் என் கைக்குக் கீழ போயிருக்கு தெரியுமா? ஒரு நாளும் இந்தப் பேர எவனும் சொன்னதில்ல. இல்லாத பேர வச்சு இல்லன்னு எழுதுறான்.

தஸ்லிமா: அந்தப் பேருக்கு என்ன அர்த்தம்னாவது கேளுங்க. கிரேக்க வார்த்த. டெரோன்னா ரெக்க. கார்ப்னா பழம், காய். ரெக்கக்காய் மரத்துச் சரக்குன்னு அர்த்தம்.

திருநாவுக்கரசு: ரெக்கக்காயா?

தஸ்லிமா: ஆமா.

திருநாவுக்கரசு: பாடாக்குக் காய் நீ பாத்துருக்கியா? சின்ன அப்பளம் கணக்கா வட்டமா இருக்கும். நடுவுல ஒரு முடிச்சு, சுத்திலும் மெலிசா ரெக்க. காஞ்சு காத்தடிச்சா போதும்... மில்லுக் கூரை மேல சுத்திச் சுத்தி எறங்கும். வேலைய விட்டுட்டுப் பாத்துக்கிட்டு நின்னுருக்கேன். மேஸ்திரி கத்துவாரு.

தஸ்லிமா: அதேதான் மாமா. அந்தக் காயப் பாத்துத்தான் அந்தக் குடும்பத்துக்கே பேரு வச்சாங்க. மரத்தோட பேருலருந்து சரக்குக்குப் பேரு.

திருநாவுக்கரசு: எவனோ ஒருத்தன், எங்கிட்டோ இருந்துக்கிட்டு, நான் பாத்ததையே பாத்துருக்கான்...

தஸ்லிமா: ம்.

திருநாவுக்கரசு: பாத்துட்டுப் போகட்டும். காய் பறக்குறத எவனும் பாக்கலாம். மரத்தப் பாக்கத் தெரியணும். பலகையெல்லாம் நான் பாத்துச் சுண்ணாம்புல குறி போட்டேன். குறி போட்டது பாடாக்கு. அதுக்கப்புறம் கதவுல வேற மரம் இருந்தா... செஞ்ச ஆசாரியத்தான் கேக்கணும்.

தஸ்லிமா: சிவப்பிரகாசம் அண்ணன் பலகைய மாத்திட்டாருங்கிறீங்களா?

திருநாவுக்கரசு: நான் சொல்லல. கமிட்டி சொல்லுது.

தஸ்லிமா: நீங்க இல்லன்னு சொல்லலியே. கோயில் மரத்தத் திருடுனவன்னு மூணு நாளா தெருவுல பேசுறாங்க. பிடிச்ச வேலைய மூணு வீட்டுல நிறுத்திட்டாங்க. அவரு மக ரூபா என் கிளாஸ். ரெண்டு நாளா வரல. போன் அடிச்சா, 'டீச்சர், கப்பல் டிக்கட்டுக்கு அப்பா லைன்ல நிக்கிறாரு'ங்குது.

திருநாவுக்கரசு: கப்பலா? எதுக்கு?

தஸ்லிமா: எதுக்குன்னா? ஊரக் காலி பண்ணிட்டுப் போக. இன்னைக்கு நீங்க கமிட்டில என்ன சொல்லுறீங்களோ, அதுதான் அவரு பேருக்கு முடிவு.

திருநாவுக்கரசு: அதுக்காக நான் தப்பாக் குறி போட்டேன்னு சொல்லணுமாக்கும்?

தஸ்லிமா: போட்டிருந்தா சொல்லணும்.

திருநாவுக்கரசு: ஏய்! பின்மா மரத்துக்குச் செவப்புச் சாயம் அடிச்சுப் பாடாக்குன்னு கொண்டாந்து நின்ன கான்ட்ராக்டர நான் தொரத்தி அடிச்சுருக்கேன். நெறத்த எவனும் பூசிருவான். ஈரத்துல எடையக் கூட்டிருவான். வாசத்தப் பூச முடியாது. நான் மோந்துதான் குறி போடுவேன். மில்லுல எனக்குப் பேரே 'மூக்கு மேஸ்திரி'.

தஸ்லிமா: அப்ப இதப் பாருங்க. பையில ஒரு பொட்டலம் வச்சிருக்கேன்... இருங்க, பை பூராவும் பொட்டலம். இந்தாங்க. எங்க வாப்பா கட மேஜை இருக்குல்ல, அதோட கால்லருந்து ரம்பத்துல அறுத்தெடுத்த தூளு.

திருநாவுக்கரசு: ஜமீலு கட மேஜையா? எண்பத்தொன்னுல அந்தப் பலகைய அறுத்ததே நான்தான்.

தஸ்லிமா: மோந்து சொல்லுங்க, பாடாக்கான்னு.

திருநாவுக்கரசு: இதுல என்ன இருக்கு... ம்ம். பாடாக்கு. நல்லா முத்துன மரம். வாசமே சொல்லுது. என்ன முழிக்கிற?

தஸ்லிமா: ஒன்னுமில்ல. குடுங்க மாமா... அது இருக்கட்டும். இன்னொரு பொட்டலத்துலயும் தூளு இருக்கு, அதப் போடுறேன். இந்தத் தண்ணி பாட்டில்ல... கொஞ்சம் வெத்தலச் சுண்ணாம்பு குடுங்க.

திருநாவுக்கரசு: எதுக்கு? பாட்டிலுக்கு வெத்தல போட்டு விடப் போறியா?

தஸ்லிமா: ஒரு நக அளவு போதும். இதோட குலுக்குவோம். இந்தாங்க, இன்னொரு பாட்டில். இது கோயில் கதவுத் தூளு. பூசாரி குடுத்தாரு. சுண்ணாம்பும் போட்டுக் காலையிலயே ஊற வச்சுட்டேன்.

திருநாவுக்கரசு: ரெண்டும் டீத்தண்ணி மாதிரிதான் இருக்கு.

தஸ்லிமா: இன்னுங் கொஞ்சம் பொறுங்க... படகு திரும்பட்டும். வெயிலு இந்தப் பக்கம் வரணும்.

திருநாவுக்கரசு: வெயிலுக்கும் மரத்துக்கும் என்ன சம்பந்தம்?

தஸ்லிமா: வருது... வருது. என் பர்தாவப் பாருங்க, கறுப்பு. அதுக்கு முன்னால பாட்டிலப் புடிக்கிறேன். இப்பப் பாருங்க.

திருநாவுக்கரசு: அசைக்காத. அசைக்காத தாயி.

படகு ஆள்: அரே! தீதி, யே க்யா ஹை? நீலா பானி?

தஸ்லிமா: பாடாக் கா பானி, பையா.

படகு ஆள்: பாடாக்? ஜூட்! ஹமாரே கர் மே பாடாக் கா பலங் ஹை... ஐசா நீலா கபி நஹி தேகா!

திருநாவுக்கரசு: அவன் என்ன சொல்றான்?

தஸ்லிமா: பொய்யின்னு சொல்றாரு. அவரு வீட்டுக் கட்டிலே பாடாக்குதானாம், இப்பிடி நீலம் பாத்ததே இல்லையாம்.

திருநாவுக்கரசு: கட்டிலத் தண்ணிக்குள்ள போட்டுப் படுத்துருந்தா பாத்துருப்பான்... அடேயப்பா. ஓரம் பூராம் நீலமா எரியுது. அந்தப் பக்கம் சூரியனுக்கு நேரா தூக்கு.

தஸ்லிமா: இந்தாங்க.

திருநாவுக்கரசு: அங்கிட்டு இருந்து பாத்தாத் தேன் மாதிரி மஞ்சளு. எறக்கு... நீலம். தூக்கு... மஞ்சளு. ஒரே தண்ணி. செவந்த மரத்துக்குள்ள இப்பிடி ஒரு நெறமா?

தஸ்லிமா: இது டெரோகார்ப்பின் இல்ல மாமா. அதே மரத்துல இருக்குற வேற சரக்கு. வெயில வாங்கி நீலமாத் திருப்பிக் குடுக்குது. அத மிஷின்தான் பாக்கும், இத நம்ம கண்ணே பாக்கும். அம்புட்டுத்தான் வித்தியாசம்.

திருநாவுக்கரசு: முப்பத்தெட்டு வருசம் கூடவே இருந்தேன். எனக்குக் காட்டலையே... இரு. இரு. மில்லுக்குப் பின்னால மரத்தூளு கொட்டுற பள்ளம் ஒன்னு இருந்துச்சு. மழ பேஞ்சு விட்டா, தண்ணி மேல நீலமா மினுங்கும். நான் டீசல் சிந்திட்டான்னு நெனச்சு லாரி டிரைவர வாயில வந்தபடி வஞ்சுருக்கேன். வருசா வருசம் வஞ்சேன். அந்தாளு, 'நான் சிந்தல, நான் சிந்தல'ம்பான்...

தஸ்லிமா: அவரு சிந்தல மாமா.

திருநாவுக்கரசு: சிந்தலையா...

தஸ்லிமா: இப்ப இந்தக் கதவு பாட்டிலப் பாருங்க. அதே வெயிலு, அதே கறுப்புத் துணி.

திருநாவுக்கரசு: ...வெறும் டீத்தண்ணி.

தஸ்லிமா: ஆமா.

திருநாவுக்கரசு: நீ அதுல சொட்டு நீலம் ஊத்திருப்ப. துணிக்குப் போடுவாங்கள்ல, அது.

தஸ்லிமா: சொட்டு நீலம்னா எந்தப் பக்கம் பாத்தாலும் நீலமா இருக்கும். சூரியனுக்கு நேராத் தூக்கினா மஞ்சளா எப்பிடி மாறும்? இதுல விழுந்தது உங்க சுண்ணாம்பும், நீங்க அறுத்த மரமும்தான்.

திருநாவுக்கரசு: வித்தை. படிச்சவங்க வித்தை. தண்ணி ஒரு நாளும் சாட்சி சொல்லாது. அந்த ரெக்க வார்த்தையும் அப்பிடித்தான். காகிதத்துல ஒன்ன எழுதி, அது இல்ல, இது இல்லன்னு மனுசன...

தஸ்லிமா: சரி. தண்ணிய விடுங்க. காகிதத்த விடுங்க.

திருநாவுக்கரசு: விட்டாச்சு. சாத்தம் வந்துருச்சு. பாரு, கயிறு கட்டல, பலக எறக்கல, அதுக்குள்ள பைக்க உறும விடுறானுங்க. எந்திரி.

தஸ்லிமா: எந்திரிக்கிறேன். அதுக்கு முந்தி ஒன்னு. ரெண்டாவது தடவ நான் எடுத்ததுதான் மரத்தூளு. மொதல்ல அவசரத்துல மாத்திக் குடுத்துட்டேன் மாமா. நீங்க மோந்து பாத்து 'நல்லா முத்துன மரம்'னு சொன்னது, எங்க அக்காவுக்கு எடுத்துட்டுப் போற கிராம்புப் பொடி. பக்கத்து சீட்டுல உக்காந்திருந்த அந்தத் தோள்பைப் பையன்கூட மூக்கத் தேச்சான். அம்புட்டுக் காரம். நீங்க...

திருநாவுக்கரசு: மெதுவாப் பேசு.

தஸ்லிமா: எப்பருந்து மாமா?

திருநாவுக்கரசு: வழி விடு. எல்லாரும் எறங்குறாங்க.

தஸ்லிமா: நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன். ஆனா சிவப்பிரகாசம் அண்ணன்...

திருநாவுக்கரசு: ஒன் நீலத் தண்ணிய நான் நம்பல. இன்னும் நூறு தடவ தூக்கிக் காட்டினாலும் நம்ப மாட்டேன். அந்தப் பேரையும் நம்பல. கைய விடு, நான் நடந்துருவேன்... கொரோனாவுல பதினோரு நாள் கெடந்து எந்திரிச்சதுலருந்து மூக்குல ஒன்னுமே ஏறல. வீட்டுல கருவாடு கருகிப் பொகையா நின்னப்பவும் எனக்குத் தெரியல. மூக்கு மேஸ்திரிக்கு மூக்கு போச்சுன்னு யாருகிட்டப் போயிச் சொல்ல? அந்தப் பலகைக்குக் குறி போட்ட அன்னைக்குச் சிவப்பிரகாசம் பக்கத்துல நின்னு, 'அண்ணே, இதுல பாடாக்கு வாசமே வரலியே'ன்னு கேட்டான். 'எனக்கே சொல்லிக் குடுக்குறியாடா'ன்னு ஊரு பாக்க வஞ்சு அனுப்புனேன். அத இன்னைக்கு பத்துபஸ்தியில நானே சொல்லிக்கிறேன். நீ வராத. ஒன் பாட்டிலையும் அங்க கொண்டாராத.