தோணிப்பட்டிக்கு வராத புயல்

தலைமை நாற்காலியில் தளராது அமர்ந்து, தலைப்பாகையைத் தட்டித் தட்டிச் சரிசெய்துகொண்டிருக்கும் தோணிப்பட்டிப் பெரிய வீட்டுப் பெருந்தகை உக்கிரபாண்டி ஐயா அவர்களே! தீப்பெட்டிக்கும் காலண்டருக்கும் தேன்தமிழ் எழுதித் தரும் சிவகாசிச் செம்மல், 'ஊழிப்புயலில் தோணிப்பட்டி' என்னும் நூலின் ஆசிரியர் வெள்ளைத்துரை அவர்களே! கடற்கரையிலிருந்து பஸ் மாறி பஸ் மாறி வந்து, களைப்பைக் காட்டிக்கொள்ளாமல் அமர்ந்திருக்கும் சகோதரி சொர்ணலட்சுமி அவர்களே! மேலத்தெருப் பெரியோர்களே! கீழத்தெருத் தோழர்களே! பட்டாசுக் கம்பெனிக்கு லீவு சொல்லிவிட்டு, விரலில் ஒட்டிய வெள்ளிப்பொடி விலகாமலே வந்திருக்கும் தாய்மார்களே! பகலெல்லாம் பட்டாசுக்குத் திரி வெட்டி, மாலையானால் ஊர்ப் படிப்பகத்தைத் திறந்துவைக்கும் உங்கள் சங்கிலிமுத்துவின் வணக்கம், வாசலில் நிற்பவர்களையும் வேம்பில் ஏறி அமர்ந்திருப்பவர்களையும் சேர்த்தே வந்து சேரட்டும்!

நூல் வெளியிட விழா எடுப்பார்கள், கேட்டிருக்கிறேன். நூலைப் பாராட்ட விழா எடுப்பார்கள், பார்த்திருக்கிறேன். நூலைத் திருத்துவதற்கு ஊரே பந்தல் போட்டதை உலகம் கண்டதுண்டா? கடல் கண்டதுண்டா? கரிசல் கண்டதுண்டா? இன்றுதான் காண்கிறது!

அறுபத்து நாலாம் வருஷத்து மார்கழி. தனுஷ்கோடியைத் தின்ற புயல், கரையோரமெங்கும் கூரையைப் பிடுங்கியது, குடும்பங்களைப் பிடுங்கியது. அந்தத் துயரை நான் குறைத்துச் சொல்லமாட்டேன், தோழர்களே. ஆனால் அதே நாளில், ஏழாயிரம்பண்ணைக்குப் பக்கத்தில், கடலுக்கும் நமக்கும் கல்யாணத் தொடர்புகூட இல்லாத இந்தத் தோணிப்பட்டியில் நடந்தது என்ன? கொடியில் காய்ந்த தலைவர் ஐயாவின் துண்டு பறந்துபோய் வேப்பமரத்தில் மாட்டியது. அம்புட்டுத்தான்!

யாரது கத்துவது? கோழிக்கூடா? ஆமாம் ராமுத்தாய் அக்கா, உங்கள் வீட்டுக் கோழிக்கூடு கவிழ்ந்தது. ஒரு கோழி உயிர்நீத்தது. அதை மறைக்க நான் யார்?

புயலுக்குச் சில வாரம் கழித்து எழுத்தாளர் வெள்ளைத்துரை விருதுநகர் ரயிலடியில் நிற்கிறார். கரையிலிருந்து வந்த அகதிகள் கூட்டமாய் உட்கார்ந்திருக்கிறார்கள். அதில் ஒரு பெண்ணிடம், "எந்த ஊரும்மா?" என்கிறார். "தோணிப்பட்டி" என்கிறாள். கண்ணீரோடு கதையைக் கேட்கிறார். இடையிடையே எஞ்சின் ஊதுகிறது. ஊதியது போக மிச்சத்தை மனத்தில் ஏற்றிக்கொண்டு ஊருக்குப் போய் நூலாக்கினார். தோணிப்பட்டி எங்கே என்று விசாரித்தார். அவருக்குத் தெரிந்தவர்களுக்குத் தெரிந்த தோணிப்பட்டி இது ஒன்றுதான். கரையில் இன்னொரு தோணிப்பட்டி இருப்பதை எவரும் சொல்லவில்லை. ஆகவே, அன்பு நிறைந்தவர்களே, 'ஏழாயிரம்பண்ணை அருகே எழிலுற விளங்கிய தோணிப்பட்டியை ஏழு பனை உயர அலை ஏறி மிதித்தது' என்று எழுதினார்! சிரிக்காதீர்கள். அவர் முகம் சிவக்கிறது.

அத்தோடு நின்றாரா? அலை வந்த வேளையில் அந்த ஊர்ப் பெரிய வீட்டுக்காரர் தலைவாசலை அகலத் திறந்தார், மேலத்தெரு கீழத்தெரு பேதமின்றி அனைவரையும் கூடத்தில் அமர்த்தினார், ஒரே பானைக் கஞ்சியை ஒரே வரிசையில் ஊற்றினார், அந்த வீட்டம்மாளே எல்லார் இலையையும் எடுத்தாள் என்று ஓர் அத்தியாயம். படித்தவன் அழுதான். படிக்கக் கேட்டவன் பன்மடங்கு அழுதான்!

அழுதவர்கள் சும்மா இருப்பார்களா? ஒருநாள் மதுரையிலிருந்து லாரி வந்தது. லாரியில் வலை. வலைக்கு அடியில் பழந்துணி. துணிக்கு அடியில் மீன்பிடித் தோணி! டிரைவர் இறங்கிக் கரிசலை நாலு பக்கமும் பார்த்தார்.

"ஏலே, கடல் எங்கனலே இருக்கு?"

நம் ஊர்க்காவலன் அண்ணன் ஆட்டுக்கு இலை ஒடித்துக்கொண்டிருந்தவர், நிதானமாகச் சொன்னார்: "வந்துட்டு உடனே போயிட்டுதாம். புத்தகத்துல போட்டிருக்காக."

தோணி இறங்கியது. எருமைகள் அதைச் சுற்றிவந்து முகர்ந்து பார்த்தன. வலையைக் காக்கைக்குப் பயந்து காய்கிற மிளகாய்மேல் விரித்தோம். அடுத்து மாதர் சங்கம் வந்தது. ராமுத்தாய் அக்காவைக் கட்டிக்கொண்டு, "உனக்கு எம்புட்டு இழப்பும்மா?" என்று கேட்டார்கள். அக்கா உண்மையைச் சொன்னார்: "ஒரு கோழி." "துக்கத்தில் சித்தம் கலங்கிவிட்டது!" என்று அவர்கள் இன்னும் ஓங்கி அழுதார்கள். அக்காவும் அழுதார். முட்டையிடுகிற கோழியாயிற்றே!

தலைவர் ஐயா எழுந்து, "இது வேற ஊரு, எங்களுக்கு ஒண்ணும் நடக்கலை" என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார். அதற்குள், "நீங்கள்தானா அந்தப் பெரிய வீட்டு வள்ளல்?" என்று மாலையைப் போட்டுவிட்டார்கள். ரோஜா மாலை. கழுத்தில் மாலை விழுந்தது, வாயில் வார்த்தை நின்றது! கோபித்துக்கொள்ளாதீர்கள் ஐயா. நீங்கள் சொல்லச் சொல்லித்தானே சொல்கிறேன்.

தாய்மார்களே, அந்தத் தலைவாசலை நாம் அறிவோம். கீழத்தெருக்காரன் அதைத் தாண்டியதுண்டா? கூலி வாங்கப் புழக்கடை. கஞ்சி வாங்கப் புழக்கடை. கல்யாணச் சோறு வாங்கவும் புழக்கடை. அந்தக் கூடத்துத் தூணின் நிறம் என்னவென்று என் அப்பனுக்கும் தெரியாது, அவர் அப்பனுக்கும் தெரியாது.

படிப்பகத்தில் அந்த அத்தியாயத்தை நான் உரக்க வாசித்தபோது, கம்பெனியிலிருந்து வந்த குருவம்மாள் அக்கா சோத்துச் சட்டியை இறக்கிவைத்துவிட்டு நின்றார்.

"ஏ சங்கிலிமுத்து, அந்த எடத்தை இன்னொருக்கா வாசி. நாம உள்ள போனோமாமா?"

"போனோமாம்க்கா."

"எந்த வாசல் வழியா?"

"தலைவாசல் வழியா."

"எலையில ஊத்துனாகளா, கையில ஊத்துனாகளா?"

"எலைதான் போட்டிருக்கு."

"எலையை எடுத்தது?"

"வீட்டம்மாளாம். நம்ம பெரிய வீட்டு வீரலட்சுமி அம்மாதான்."

அக்கா சோத்துச் சட்டியை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டார். பிறகு, "நல்லாத்தான் இருந்திருக்கோம், நமக்குத்தான் தெரியலை" என்றார்.

இந்த நேரத்தில்தான் விருதுநகரிலிருந்து ஒரு பாராட்டுக் குழு சேதி அனுப்பியது. புயலின் ஆண்டு நிறைவன்று கேமராக்காரரை அனுப்புகிறோம், அன்று எப்படி அமர்ந்தீர்களோ அப்படியே அமர்ந்து காட்டுங்கள், இரண்டாம் பதிப்புக்குப் படம் எடுக்க வேண்டும் என்று! ஐயோ, அந்தச் சேதி! மேலத்தெரு ஆடியது. பெரிய வீடு ஆடியது. தூணைத் தவிர எல்லாம் ஆடியது. இல்லை என்றால் ஐயாவின் வள்ளல் பட்டம் போகும். ஆம் என்றால் கதவு திறக்க வேண்டும்.

மேலத்தெருக் கருப்பணன் மாமா ஒரு யோசனை சொன்னார்: "தொழுவத்துல உக்கார வச்சு எடுத்துருவோம்."

குருவம்மாள் அக்கா கூட்டத்தின் பின்னாலிருந்து சொன்னார்: "புத்தகத்துல தொழுவமுன்னு இல்லையே சாமி. கூடம்னுல்லா போட்டிருக்கு."

அச்சில் வந்ததை எவர் மறுப்பார்? ஐயா ஒப்புக்கொண்டார். படம் எடுக்கிற நேரம் மட்டும். உட்கார்ந்த உடனே எழுந்துவிட வேண்டும். பானை வெறும் பானை.

அந்த நாளும் வந்தது! கேமராக்காரர் காளிராஜ் சிவகாசியிலிருந்து வந்து இறங்கினார். "புயல்ல மாட்டுனவுக காய்ஞ்சு கெடந்தா எப்படி? நனையுங்க!" என்றார். குடிக்கத் தண்ணீருக்கு மைல் கணக்கில் நடக்கிற ஊரில் நனைவதற்குத் தண்ணீர்! வள்ளித்தாய் தன் குடத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு தரமாட்டேன் என்றாள். கடைசியில் எருமைத்தொட்டித் தண்ணீரைத் தெளித்து எங்களைப் புயலில் நனைத்தார்கள்.

வரிசையாக உள்ளே போனோம். தலைவாசல் வழியாக! தூண் கறுப்பு, தோழர்களே. நல்ல தேக்குக் கறுப்பு. எல்லாரும் தூணையே பார்த்துக்கொண்டு நின்றதில், "கேமராவைப் பாருங்க! நடுங்குங்க!" என்று காளிராஜ் கத்தினார். மேலத்தெருவும் கீழத்தெருவும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, தொடை படாமல் நடுங்கின.

புயல் என்பதால் சன்னலெல்லாம் சாத்தியிருந்தது. இருட்டு. வெளிச்சத்துக்கு காளிராஜ் ஒரு கம்பெனியில் சிநேகிதரிடம் கேட்டு வெள்ளை மருந்து கொண்டுவந்திருந்தார். தகரத் தட்டில் கொட்டினார். கொட்டியது போதாதென்று இன்னும் கொட்டினார். வாசற்படிக்கு வெளியே வைத்து நீளத் திரியில் தீ வைத்தார். வைத்துவிட்டு அவரே ஓடினார்!

வெடித்ததய்யா! வானம் இடிந்ததா, வையம் பிளந்ததா, வைப்பாற்று வெள்ளம் வாசலுக்கு வந்ததா? வெள்ளை வெளிச்சம், வெள்ளைப் புகை. ஓடு சரிந்தது. கூடத்தில் இடம் போதாமல் வெளிமுற்றத்தில் நின்ற குருவம்மாள் அக்காவும் மற்றவர்களும், பிள்ளைகுட்டிகளோடு, கண் தெரியாமல் அலறினார்கள். அப்போது புகைக்குள்ளிருந்து ஒரு குரல் கேட்டது.

"உள்ள வாங்கலே! எல்லாரும் உள்ள வாங்க! ஏ குருவம்மா, பிள்ளையத் தூக்கிட்டு உள்ள வா!"

யார் குரல்? தலைவர் ஐயாவின் குரல்! ஒரு கையால் கதவைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் எட்டினவரையெல்லாம் இழுத்து உள்ளே போட்டார். கூடம் தாண்டி, குதிர் இருக்கிற உள்ளறை வரைக்கும் நெருக்கியடித்து நின்றோம். என் தோளில் ஐயாவின் தலை. ஐயாவின் தலைப்பாகை ஊர்க்காவலன் அண்ணன் கையில். இந்த முறை யாரும் சொல்லாமலே நடுங்கினோம்.

புகை விலகியது. ஒருவருக்கும் காயமில்லை. ஆனால் வெளியே எப்படிப் போவது என்று ஒருவருக்கும் தெரியவில்லை. வீரலட்சுமி அம்மாதான் முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "பிள்ளைக பயந்து கெடக்கு. உக்காருங்க, கஞ்சி வைக்கேன்" என்று உலை ஏற்றினார். குடித்தோம். குடித்து முடித்து குருவம்மாள் அக்கா தன் இலையைச் சுருட்டப் போனார். அம்மா கையைத் தட்டிவிட்டார்.

"வையி. புத்தகத்துல நான்லா எடுக்கேன்."

கைதட்டுங்கள், தட்டுங்கள். ஆனால் படம் மட்டும் விழவே இல்லை. வெறும் வெள்ளை!

பிறகு ஐயாவே ஆள் விட்டு விசாரித்துக் கரையிலுள்ள தோணிப்பட்டியைக் கண்டுபிடித்தார். தோணியும் வலையும் அவர்களுக்கு உரியவை, வந்து வாங்கிக்கொள்ளுங்கள் என்று சொல்லியனுப்பினோம். அப்படி வந்தவர்தான் இந்தச் சொர்ணலட்சுமி அக்கா. ரயிலடியில் அழுத அதே பெண். நேற்றுக் காலை படிப்பகத்தில் அந்த அத்தியாயத்தை வாசித்துக் காட்டினேன். கேட்டுவிட்டு, "இது எங்க ஊரு இல்லை" என்றார்.

"நீங்கதானேம்மா சொன்னீங்க, பெரிய வீட்டுக் கதவு தொறந்திருந்துச்சுன்னு?" என்று எழுத்தாளர் பதறினார்.

"தொறந்திருந்துச்சுன்னா எல்லாரும் உள்ள போயிருப்போம்னு சொன்னேன் ஐயா. ஒரே பானையில கஞ்சி குடிச்சிருப்போம்னு சொன்னேன். எஞ்சின் ஊதுச்சு, உங்களுக்குப் பாதிதான் கேட்டிருக்கு. அவுக தொறக்கலை. தட்டித் தட்டி என் தங்கச்சி கை ஓஞ்சு போச்சு. அப்புறம் அவ இல்லை."

பந்தலே, சற்று அமைதியாக இரு. எழுத்தாளர் தலை கவிழ்ந்தார். நான் புத்தகத்தை மூடினேன். புயல் அடித்த ஊரில் கதவு திறக்கவில்லை! கதவு திறந்த ஊரில் புயல் அடிக்கவில்லை! இரண்டாம் பதிப்பில் என்ன எழுதுவது? இதற்காகத்தான், தோழர்களே, இந்தப் பந்தல்.

"நடந்ததை நடந்தபடி எழுதுங்க" என்று படிப்பகத்திலேயே சொல்லிவிட்டார் சொர்ணலட்சுமி அக்கா.

அங்கே உடனிருந்த நம் தலைவர் ஐயா எழுந்தார். "அப்ப என்னையும் நடந்தபடி எழுதுங்க. நான் வள்ளல் இல்லை. வெடிக்குப் பயந்துதான் கூப்பிட்டேன். அந்தப் பெரிய வீட்டு அத்தியாயத்தைக் கோடு போட்டு அடிச்சுருங்க" என்றார்.

அதற்கு இந்த அக்கா சொன்ன பதிலை நான் அலங்கரிக்க மாட்டேன். எனக்குத் தெரிந்த அடுக்குமொழியெல்லாம் அதன் முன்னால் ஒன்றுமில்லை.

"எங்க ஊரு பெரிய வீட்டுக்காரரும் பயந்துதான் பூட்டுனாரு ஐயா" என்றார்.

பயம் இருவருக்கும் இருந்தது, பெரியோர்களே! பயத்தில் ஒரு கை தாழ்ப்பாளைப் போட்டது, பயத்தில் ஒரு கை குருவம்மாளைப் பிடித்து இழுத்தது! வீரம் வேண்டாம், வள்ளன்மை வேண்டாம், நடுங்குகிற கையே போதும், அது கதவைத் திறக்கட்டும்! இதை எழுதுங்கள் வெள்ளைத்துரை அவர்களே. இரண்டு தோணிப்பட்டியையும் எழுதுங்கள். அக்காவின் தங்கை பெயர் பொன்னுக்கிளி. அதை முதல் பக்கத்தில் எழுதுங்கள்.

பொறுமையாய்க் கேட்ட பெரியோர்க்கும், பொறுக்காமல் குறுக்கே பேசிய ராமுத்தாய் அக்காவுக்கும், பந்தல்கால் கொடுத்த இரண்டு தெருவுக்கும் நெஞ்சார்ந்த நன்றி. கூட்டம் முடிந்ததும் பெரிய வீட்டில் எல்லாருக்கும் சாப்பாடு இருக்கிறது, சாப்பிட்டுப் போங்கள். வாசல் எது என்று யாரும் கேட்க வேண்டாம். வணக்கம்!