‘ஒண்ணுமில்லை’ என்ற சொல்லுக்குத் தடை விதித்தவருக்கு

மரபணுவின் மூலை முடுக்கெல்லாம் முக்கால் ஆயுள் துழாவிய மூத்த விஞ்ஞானியே! நுண்ணோக்கியில் பதித்த கண்ணை நோயாளியின் முகத்திலிருந்தும் எடுக்காத நுண்ணறிவாளரே! தசைநோய்ப் பிரிவின் தலைவரே! கதவைத் தட்டாமல் நுழைந்து, காது கூசத் திட்டி, கையோடு தேநீரும் வாங்கித் தரும் கருணைக் கடலே! கடலில் உப்பும் உண்டு என்று தெரிந்தேதான் அப்படி அழைக்கிறோம். வணக்கம்!

தங்களை நேருக்கு நேர் புகழ்ந்தால் “சான்று எங்கே?” என்று கேட்பீர்கள். ஆகவே சற்று நேரம் தங்களை ‘அவர்’ என்றே குறிப்பிட அனுமதி வேண்டுகிறோம். இன்றோடு தங்களுக்குப் பணி ஓய்வு; நாளை முதல் தாங்கள் இல்லாத இடத்தில் தங்களைப் பற்றிப் பேசப்போகிறவர்கள் நாங்கள். அதற்கு இன்றே ஒத்திகை பார்த்துக்கொள்கிறோம்.

எங்கள் தலைவர் பணியில் சேர்ந்தபோது இந்தத் தேசிய நிறுவனத்தில் இருந்தவை ஒரு நுண்ணோக்கியும் ஓர் உறைபெட்டியும் எலிகளைக் கண்டால் ஒதுங்கிப்போகும் ஒரு பூனையும். பூனை அவருக்கு முன்பே ஓய்வு பெற்றுவிட்டது. உறைபெட்டி இன்னும் பணியில் இருக்கிறது. அதன் எச்சரிக்கை மணி அலறத் தொடங்கினால் எந்தப் பொறியாளராலும் நிறுத்த முடியாது. தலைவரின் செருப்புச் சத்தம் நடைவழியில் கேட்டால் தானாக அடங்கிவிடும். பெட்டியை விற்ற கம்பெனிக்காரர்கள் வந்து அந்தச் செருப்பொலியைப் பதிவு செய்து போட்டுக் காட்டினார்கள். பெட்டி ஏமாறவில்லை. முன்னிலும் பலமாக அலறியது.

ஓடிய கால் நடக்க மறந்து, நடந்த கால் நிற்க மறக்கும் சிறுவர்களின் நோய்தான் அவர் வாழ்நாள் வேலை. அதன் மூலத்தைத் தேடுவது வேலையின் பாதி. தேடிக் கண்டதைப் பெற்றவர்களிடம் சொல்வது மறுபாதி. முதல் பாதிக்கு விருதுகள் வந்தன. இரண்டாம் பாதிக்கு எதுவும் வரவில்லை. யாரும் போட்டிக்கும் வரவில்லை.

அக்காலத்தில் ஒரு தகப்பனார் மகனை மடியில் வைத்துக்கொண்டு நடைவழிப் பெஞ்சில் முடிவுக்காகக் காத்திருந்தார். உள்ளே எங்களில் ஒருவர் காலித் தட்டொன்றைக் கீழே போட்டார். “என்னய்யா சத்தம்?” என்றார் தலைவர். “ஒண்ணுமில்ல சார், ஒண்ணுமே இல்ல!” என்று பதில் போயிற்று. பெஞ்சில் இருந்தவர் அதைக் கேட்டார். மகனைத் தோளில் தூக்கிக்கொண்டு, எங்கள் மூடிய கதவைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு வீட்டுக்குப் போனார். தெரு முழுக்க மிட்டாய் கொடுத்தாராம். மறுநாள் தலைவர் பேருந்து பிடித்து அந்த வீட்டுக்குப் போனார். தகப்பனார் அவருக்கும் ஒரு மிட்டாய் கொடுத்தார். அதைக் கையில் வைத்துக்கொண்டே சொல்ல வேண்டியதைச் சொன்னார். “நீங்கதானே சார் ஒண்ணுமில்லன்னு சொன்னீங்க?” என்றாராம் அந்த மனிதர்.

‘எச்சில் துப்பாதீர்’ பலகைக்குப் பக்கத்தில் அடுத்த நாள் இன்னொரு பலகை ஏறியது: ‘இங்கே ஒண்ணுமில்லை என்று சொல்லக் கூடாது. பரிசோதனையில் நிஜமாகவே ஒன்றும் இல்லாவிட்டால் மட்டும், அறைக்குள், கதவை மூடிக்கொண்டு சொல்லலாம்.’

அதனால் பட்ட பாடு கொஞ்சமல்ல. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டவரிடம் “என்னாச்சு?” என்று கேட்டால், அவர் காரணத்தைச் சொல்லியே தீரவேண்டிய அலுவலகம் உலகில் இது ஒன்றுதான். இங்கே இரண்டு பேர் பேச்சை நிறுத்திக்கொண்டு ஒரு நாள் முழுதும் தாக்குப்பிடித்த வரலாறு கிடையாது.

ஒவ்வொரு பரிசோதனைத் தட்டிலும் ஒரு குழியில் நலமுள்ளவரின் ரத்தம் வைத்து ஒப்பிட்டுப் பார்ப்பது எங்கள் வழக்கம். அது எப்போதும் தலைவரின் ரத்தமாகவே இருந்தது. “நல்ல ரத்தம் வைச்சாச்சா?” என்றால் அவர் கையில் ஊசி குத்தியாயிற்றா என்று பொருள். அந்த ரத்தமும் சலிக்காமல் பதில் சொன்னது, நாங்கள் கேட்ட கேள்விக்கு மட்டும். வேறொரு கேள்வியை அதனிடம் யாரும் கேட்கவில்லை.

போன ஆண்டு அவர் கையெழுத்து கோட்டை விட்டு இறங்கத் தொடங்கியது. மேசைக்கடியில் கால் தானாக ஆடியது. பாட்டுக் கேட்கப் பழகிவிட்டார் போலிருக்கிறது என்று மகிழ்ந்தோம். மரபணு விஞ்ஞானிகள் இத்தனை பேர் கூடி எடுத்த முடிவு அது.

அவருக்குப் புரிந்துவிட்டது. பக்கத்துப் பிரிவில் நரம்பு நோய்களைப் பார்க்கும் விஞ்ஞானி அம்மையாரை அவர் ‘குண்டூசி’ என்றுதான் கூப்பிடுவார். எங்கே குத்த வேண்டுமோ அங்கே குத்துபவர். அவரிடம் போய்க் கையை நீட்டினார்: “நல்ல ரத்தம் எடும்மா.”

முடிவு வந்த நாளில், நோயாளிகளின் குடும்பத்தார் பிடித்துப் பிடித்துக் கைப்பிடி தேய்ந்துபோன நாற்காலியில் தலைவர் உட்கார்ந்தார். குண்டூசி எதிரே இருந்தார்.

“சொல்லு.”

குண்டூசி முடிவுத் தாளை மேசையில் கவிழ்த்து வைத்தார்.

“நீ சும்மா இருக்கறதுலயே தெரியுது. ஆனா வாயால சொல்லு. பலகை எனக்கும் சேத்துத்தான்.”

“இருக்கு சார்.”

“சரி. டீ சொல்லேன்.”

கை, கால், பேச்சு, கடைசியில் புத்தி என்று ஒவ்வொன்றாகக் கட்டவிழ்க்கும் நோய் அது, மருந்து இல்லை. பெற்றவருக்கு இருந்தால் பிள்ளைக்கு வரப் பாதிக்குப் பாதி வாய்ப்பு. தலைவரின் தகப்பனாரிடம் அது தலைகாட்டவே இல்லை. நோய்க்கு முன்பே ஒரு லாரி வந்து மோதி அவரைக் கொண்டுபோய்விட்டது. தலைவருக்கோ ஒரே மகள், வெளியூரில். மணமாகிக் கொஞ்ச காலம்தான் ஆகிறது. பிள்ளை பெற்றுக்கொள்ளும் யோசனையில் இருப்பதாகத் தகப்பனிடம் சொல்லியிருந்தார். இப்படிப்பட்ட பெண்களிடம் உடனே சொல்லிவிட வேண்டும் என்று எங்களுக்கு அடித்துச் சொல்பவர் தலைவர்தான்.

அவர் அறைக்கும் எங்கள் கூடத்துக்கும் நடுவே ஒரு பலகைத் தடுப்பு உண்டு. இந்நிறுவனத்தின் மிக நுண்ணிய கருவி அதுதான். அந்தப் பக்கம் விடும் பெருமூச்சு இந்தப் பக்கம் பதிவாகும். மாலையில் மகளின் அழைப்பு வந்தது. என்ன கேட்டார் என்பது எங்களுக்குக் கேட்கவில்லை. தலைவரின் பதில் கேட்டது.

“பேச்சா? குழறல்லாம் இல்ல. ஒண்ணுமில்ல பாப்பா.”

மறுநாளும் அதே பதில். மாதங்கள் போயின. நாங்களும் காது கேளாதவர்களாக நடித்தோம். அதை இம்மடலில் புகழாமல் விட்டுவிடுகிறோம்.

கடைசியில் குண்டூசி சுவரிலிருந்து அந்தப் பலகையைக் கழற்றி, தூசி தட்டி, தலைவரின் மேசையில் கொண்டுபோய் வைத்தார்.

“என்ன இது?”

“கழட்டிட்டேன் சார். நீங்களே மீறுற விதி எங்களுக்கு எதுக்கு? நாளைக்கு ஒருத்தர் பெஞ்சுல வந்து உக்காருவாரு. அவருக்கும் ஒண்ணுமில்லன்னே சொல்லி அனுப்பிடலாம். சந்தோஷமாப் போவாரு.”

“குண்டூசி, அவ என் பொண்ணு!”

“இவ்வளவு நாளா இங்க வந்ததெல்லாம் யாரு பொண்ணு சார்?”

பிறகு தொலைபேசியைச் சுழற்றும் சத்தம் கேட்டது. விரல் ஆடியதால் இரண்டு முறை தவறான ஆளைக் கூப்பிட்டு மன்னிப்புக் கேட்டார். மூன்றாவது முறை, “பாப்பா, நேர்ல வா” என்றார்.

மகள் வந்தார். தலைவர் வம்சப் படம் வரைந்தார்: ஆணுக்குச் சதுரம், பெண்ணுக்கு வட்டம், நோய் இருந்தால் கறுப்பு. தம் சதுரத்தைக் கறுப்பாக்கினார். அதிலிருந்து ஒரு கோடு இறக்கி, கீழே ஒரு வட்டம் போட்டு, பென்சிலை வைத்துவிட்டார்.

“இதுல என்ன போடறதுன்னு எனக்குத் தெரியல பாப்பா.”

“உங்களுக்கு எப்போலேருந்து தெரியும்?”

“நாலு மாசமா.”

“நாலு மாசமா! தினமும் கேட்டேனேப்பா. தினமும்!”

மகள் கதவைச் சாத்திவிட்டுப் போனார். அதன்பின் மாலைகளில் தொலைபேசி ஒலிக்கவில்லை. தலைவர் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். உறைபெட்டி அலறியும் அவர் எழுந்து வராத நாட்கள் அவை.

பிறகு ஒரு மாலை தொலைபேசி ஒலித்தது. தடுப்புக்கு இந்தப் பக்கம் நாங்கள் மின்விசிறியை நிறுத்தினோம்.

“கை ஆடுது பாப்பா,” என்றார் தலைவர். “காபியக் கொட்டிட்டேன். சட்டையெல்லாம் ஆயிடுச்சு. பயமா இருக்கு.” நெடுநேரம் கேட்டுக்கொண்டிருந்தார். “சரி… சரிம்மா… வா.”

மறுநாள் காலை பலகை சுவரில் இருந்தது. அதை அவரே மாட்டியிருந்தார், கோணலாக. யாரும் நேராக்கவில்லை.

பெருமதிப்பிற்குரிய ஐயா! ஒத்திகை முடிந்தது, மீண்டும் தங்களிடம் வருகிறோம். பிரிவின் கூட்டத்தில் தாங்களே எழுந்து எல்லாவற்றையும் சொன்னதாலும், “மடல்ல மழுப்பாதீங்க” என்று கட்டளையிட்டதாலும், முன்வரிசையில் அமர்ந்திருக்கும் தங்கள் மகள் படித்துப் பார்த்துச் சம்மதித்ததாலும் மட்டுமே இவற்றை எழுதத் துணிந்தோம். அந்த வட்டத்தில் என்ன போடுவது என்பது அவருடைய உரிமை. ரத்தம் கொடுத்தாரா என்று நாங்கள் கேட்கவில்லை. கேட்கவும் மாட்டோம்.

இம்மடலின் முதல் வரைவில் ‘நோய் நொடியின்றி நூறாண்டு வாழ்க’ என்று எழுதியிருந்தோம். தாங்கள் அதை அடித்து, ஓரத்தில் ‘சான்று இல்லை’ என்று எழுதிவிட்டீர்கள். ஆகவே சான்றுக்கு உட்பட்டு வாழ்த்துகிறோம். கரண்டி வாய்வரை வந்து சேர்க! சொற்கள் தாமதமாக வந்தாலும் வந்து சேர்க! மறதி மெதுவாக வருக. வரும்போது எங்கள் பிழைகளை முதலில் எடுத்துக்கொள்க! மாலைதோறும் தொலைபேசி ஒலிக்க! உறைபெட்டி அலறும்போதெல்லாம் வண்டி அனுப்புகிறோம், செருப்போடு வருக!

இதை வாசித்து முடிக்கும்போது எங்களில் பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருப்போம். தாங்கள் மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, “என்னய்யா ஆச்சு உங்களுக்கெல்லாம்?” என்று கேட்பீர்கள். வேறு எந்த அலுவலகமாக இருந்தாலும் ஒரே சொல்லில் தப்பித்துவிடலாம். இங்கே சுவரில் பலகை இருக்கிறது.

கேளுங்கள், ஐயா. சொல்கிறோம்.

இங்ஙனம்,
பலகைத் தடுப்புக்கு இந்தப் பக்கத்திலிருந்து,
தசைநோய்ப் பிரிவின் பணியாளர்கள் அனைவரும்,
பக்கத்துப் பிரிவிலிருந்து குண்டூசியும்