அசை இடறாத பெயர்

வெனிஸ் ஈரத்தில் காகிதம் சீக்கிரம் பூசணம் பிடித்துவிடும், ஐயா. அதனால்தான் செரெனாவின் பாடல்களை அடுப்படிப் பக்கத்து அலமாரியில் வைத்திருந்தேன்.

நான் அச்சகத்தில் பிழை திருத்துகிறவன். கவிதையும் எழுதுவேன். விருந்துகளில் நான் வாசித்தால் கனவான்கள் நாகரிகமாகத் தொண்டையைச் செருமுவார்கள். செரெனா யாழெடுத்துப் பாடினால் செருமல் நின்றுவிடும். தன்னை விட்டுப் போருக்குப் போன சில்வியோவைப் பற்றித்தான் எல்லாப் பாட்டும். ஒரு பெண் ஆசையை இப்படியா சொல்வாள் என்று முகம் சுளித்தவர்களின் மனைவிமார்களே அவற்றைப் படியெடுத்து உடுப்புக்குள் ஒளித்துவைத்தார்கள்.

ஒருநாள் கேட்டேன்: "என்னைப் பத்தி ஒரே ஒரு பாட்டு எழுதக்கூடாதா?"

சிரித்துவிட்டாள். "தப்பா எடுத்துக்காதீங்க ஃபாபியோ. நீங்கதான் தினமும் வர்றீங்களே. வராதவனைப் பத்தித்தான் பாட்டு வரும்."

நியாயமான பதில். அதன்பின் மூன்று வாரம் நான் போகவில்லை. பாட்டு எதுவும் வரவில்லை.

ஈஸ்டர் முடிந்ததும் சில்வியோவின் கடிதம் வந்தது. பதுவா நகருக்கு வந்தால் திருமணம் என்று எழுதியிருந்தான். அவள் பாடல்களையெல்லாம் என்னிடம் தந்தாள்.

"அச்சுப் போடுங்க. நூறு வருஷம் கழிச்சு எவளோ ஒருத்தி படிச்சிட்டு, எனக்கும் இப்படித்தான்டின்னு அழணும்."

அழுவாள். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அன்றைக்கும் பாட்டில் சில்வியோ இருப்பான், நான் இருக்கமாட்டேன். அதுதான் சிக்கல்.

அவள் புறப்பட்ட அன்று கடல் திருவிழா. ஊரே கடலோரம் போய்விட்டதால் தெருவே காலி. பெட்டியைத் தூக்கிக்கொண்டு படித்துறைவரை கூடப்போனேன். படகு வந்திருக்கவில்லை. வழுக்கி விழுந்துவிட்டாள் என்று அவள் தங்கை பெட்டினாவிடம் சொன்னேன். அங்கே தண்ணீர் மார்பளவுதான். கொஞ்ச நேரம் அமுக்கிப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டியிருந்தது. கனத்த பட்டுப் பாவாடை உதவியாக இருந்தது.

புத்தகம் அழகாக வந்திருக்கிறது. ஒரே ஒரு சொல்லைத்தான் திருத்தினேன். சில்வியோ வந்த இடமெல்லாம் ஃபாபியோ. அசை எங்கும் இடறவில்லை. பெட்டினா தன்னிடமிருந்த பழைய கையெழுத்துப் படியைக் கொண்டுவந்து காட்டியிருக்காவிட்டால் உங்களுக்கே தெரிந்திருக்காது.

தண்டனை எதுவானாலும் சரி. புத்தகத்தை மட்டும் எரித்துவிடாதீர்கள். ஒருமுறை வாசித்துப் பாருங்கள், ஐயா. அவள் என்னை எவ்வளவு நேசித்தாள் என்று உங்களுக்கே புரியும்.