துரையின்ரை நூற்றிநாலு

இல்லைத் தம்பி, அந்தக் கதிரையிலை இருக்காதேயும். அது சிஞ்ஞோரா, இந்த வீட்டுக்கார அம்மா, இருக்கிற கதிரை. ஓம், செத்துத்தான் போனா. அதுக்காக நீர் இருக்கலாமோ? அங்கை, பெட்டியளுக்குப் பக்கத்திலை இரும்.

கோப்பியோ? ஒண்டும் இல்லை. சட்டிபானை எல்லாம் கட்டியாச்சு. சனிக்கிழமைக்குள்ளை வீடு காலியாக்கோணுமாம், சிஞ்ஞோராவின்ரை பெறாமகன் சொல்லிப்போட்டான். பலேர்மோவிலை, அதுவும் கால்சாப் பக்கம் கடல் தெரியிற வீடெண்டால் விடுவாங்களே? ரூறிஸ்ட்டுகளுக்குக் குடுக்கப்போறாங்கள். பதினொரு வருசம் நான் அவவைத் தூக்கி, குளிப்பாட்டி, மருந்து குடுத்த வீடு.

படத்தைத் தொடாதேயும். கண்ணாலை பாரும், கையை எடும். ஓம், அவர்தான், சிஞ்ஞோராவின்ரை தேப்பன். ஓப்ரி ட்ரெஷம், நீர் ஆரைப்பற்றிப் புத்தகம் எழுதுறீரோ அந்த ஆள். ஆயிரத்துத் தொளாயிரத்து முப்பத்தொண்டிலை எடுத்தது. தொப்பியைப் பாரும், சப்பாத்தைப் பாரும். அந்தக்காலம் இங்கிலாந்திலை சம்பளம் வாங்காமல் கிரிக்கெட் விளையாடின துரைமார் இப்பிடித்தானாம் நிப்பினம். சம்பளத்துக்கு விளையாடினவை வேறை கேற்றாலை போகோணுமாம், வேறை அறையிலை உடுப்பு மாத்தோணுமாம். எனக்கு இதெல்லாம் ஆர் சொன்னதோ? நீர் லண்டனிலை லைப்ரரி லைப்ரரியாய்த் திரிஞ்சு படிச்சதை நான் இந்தக் கட்டிலுக்குப் பக்கத்திலை இருந்து சிஞ்ஞோராவின்ரை வாயாலை நாளுக்கு ரெண்டுதரம் கேட்டனான்.

என்ன? ஒன்பது வருசம் விளையாடி ஒரு ஐம்பதும் அடிக்கேல்லையோ? அதைத் திரும்ப ஒருக்கால் எனக்குச் சொல்லோணுமோ? துரை எண்டபடியால் கப்டனாக்கினவை, மற்றப் பத்துப்பேரும் அவரையும் சேர்த்து இழுத்தவை. ஓமோம், கேட்டனான். ஆனால் கடைசி மட்சிலை நூற்றிநாலு அடிச்சவரோ இல்லையோ?

பிறகு ஒரு இத்தாலிக்காரியைக் கலியாணம் கட்டி இஞ்சை பலேர்மோவுக்கு வந்து அந்த மனிசன் ஒண்டும் உருப்படியாய்ச் செய்யேல்லை. மாமனாற்றை வியாபாரத்தை விழுத்தினார். குடிச்சார். பெத்த பிள்ளைக்குத் தன்ரை இங்கிலீசைக்கூடச் சொல்லிக் குடுக்கேல்லை. வாயைத் திறந்தால் அந்த மட்ச் ஒண்டுதான். அந்தப் பெட்டைக்கு அப்பன் எண்டு மிஞ்சினது அந்த நூற்றிநாலு மட்டும்தான், விளங்குதோ? தொண்ணூறு வயசிலையும் டொக்டர் வந்தால் வருத்தத்தைச் சொல்லாள், அதைத்தான் சொல்லுவாள் மனிசி. அதையும் வந்து பறிச்சனீர்.

என்னை றோசமலர் அக்கா எண்டு கூப்பிட்டு, சின்ன உதவி எண்டு தேன் மாதிரிக் கதைச்சனீரே ரெலிபோனிலை. அந்த மட்சிலை பந்து போட்டவன் எழுதின கடிதம் ஒண்டு கிடைச்சிருக்காம். துரை விளையாட்டை விட்டுட்டுப் போகப்போறார், பாவம், ஒருக்கால் நூறு அடிச்சிட்டுப் போகட்டும் எண்டு எல்லாரும் கதைச்சு வைச்சு லேசாய்ப் போட்டவையாம். ஏன், மன்னாரிலை எங்கடை கோயில் பெருநாள் மட்சிலை பங்குச் சுவாமியாரை ஆரும் முதல் பந்திலை அவுட்டாக்கிறவையோ? கையுக்கை வந்த கட்ச்சையும் விடுவினம். சுவாமிக்கும் அது தெரியும், சிரிச்சுச் சிரிச்சு அடிப்பார். அதிலை என்ன பெரிய களவைக் கண்டுபிடிச்சிட்டீர்?

புத்தகத்திலை உண்மை இருக்கோணுமோ? எழுதும், நல்லாய் எழுதும். புத்தகம் வரமுதல் அவவுக்குச் சொல்லோணுமெண்டு உம்மை ஆர் கேட்டது? மரியாதைக்கோ? நல்ல மரியாதை.

எல்லாத்தையும் கேட்டுட்டு அவ ஒண்டுதான் கேட்டவ. பப்பாவுக்குத் தெரியுமோ எண்டு. நீர் கொஞ்சம் யோசிச்சிட்டு, தெரிஞ்சிருக்கும் எண்டனீர். அண்டைக்கு மத்தியானம் பாஸ்தா வேண்டாமெண்டா. இரவு சூப்பும் வேண்டாமெண்டா. இந்தப் படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி வையெண்டா. பிறகு பன்ரெண்டு நாள்தான். செத்தாப்பிறகு நான்தான் திருப்பினனான். வாற வியாழன் முப்பத்தோராம் நாள் பூசை.

மன்னிப்போ? என்னட்டைக் கேட்டு என்ன பிரயோசனம்? அழுறதெண்டால் வெளியிலை போய் அழும். எனக்கு அதைப் பார்க்க ஏலாது.

சரி, இரும். இரும் எண்டுறன். உம்மிலை எரிஞ்சு விழுந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாய் இருக்கும் எண்டு பார்த்தன், இல்லை. குவெஸ்தூரா எண்டு இஞ்சை ஒரு பொலிஸ் கந்தோர் இருக்கு, எங்கடை சனத்தின்ரை விசா அலுவலெல்லாம் அங்கைதான். இருபத்துமூண்டு வருசமாய் நான்தான் கூடப்போய் மொழிபெயர்த்துக் குடுக்கிறனான். ஒரு சொல்லைக் கூட்டினாலும் குறைச்சாலும் ஆற்றையோ பெர்மெசோ, இஞ்சை இருக்கிற அனுமதி, போயிடும். அதாலை, ஆர் என்ன சொன்னாலும் அப்பிடியே சொல்லிப் பழகிப்போச்சு. அண்டைக்கும் அப்பிடித்தான். இந்தக் காதிலை ரெலிபோனிலை நீர், அந்தப் பக்கம் கட்டிலிலை அவ. தெரிஞ்சிருக்கும் எண்டு நீர் சொல்ல, தெரிஞ்சிருக்கும் எண்டு நானும் சொன்னன். இல்லையாம், அவருக்குத் தெரியாதாம் எண்டு நான் சொல்லியிருக்கலாம் தம்பி. உமக்கு இத்தாலியன் விளங்காது. அவவுக்குத் தமிழ் விளங்காது.